பாவடியின் பதினோராவது மரம்

மொட்டைக் கிள்ளியதும் கையில் தெறிக்கும் அந்த நீர் முதலில் பானைத் தண்ணீர் போலக் குளிர்ச்சியாக இருக்கும். கொஞ்ச நேரம் கழித்துப் பார்த்தால் விரல் நுனியெல்லாம் மஞ்சள் ஏறி, பூண்டு உரித்த கையை நினைவுபடுத்தும் ஒரு வாடை கிளம்பும். சீயக்காய் போட்டு எவ்வளவு தேய்த்தாலும் நகத்துக்கு அடியில் இருக்கும் மஞ்சள் போகாது. தை பிறந்து மாசி முடியும்வரை என் பத்து விரலும் அப்படித்தான் இருக்கும். "எல்லாருக்கும் ஆயுசுல ஒருவாட்டி நலங்கு, தனத்துக்கு மட்டும் வருசத்துல ரெண்டு மாசம் நலங்கு" என்று தெருப் பெண்கள் கேலி பேசுவார்கள். நான்தான் தனம்.

யாத்திரை பஸ்களில் சமையல் வேலை பார்த்து முப்பது வருஷத்துக்கு மேல் சுற்றியவள் நான். வந்தவர்கள் கோயிலுக்குள் வரிசையில் நிற்கும் நேரத்தில் என் அடுப்பு ஆறிக் கிடக்கும். அந்தப் பொழுதில் பக்கத்தில் தோட்டம் ஏதாவது இருக்கிறதா என்று விசாரித்து நடந்துவிடுவேன். பெங்களூர், ஊட்டி, கல்கத்தா என்று பேர்பெற்ற தாவரவியல் பூங்காக்களை அப்படித்தான் பார்த்தேன். அஞ்சாம் வகுப்போடு படிப்பு நின்ற உனக்கு இந்தக் கிறுக்கு எங்கே பிடித்தது என்று பஸ் டிரைவர்கள் கேட்பார்கள். காஞ்சிபுரத்தில் எங்கள் தெருக்கோடியில் பதினோரு மரங்கள் இருந்தன என்று சொல்வேன். மீதியைச் சொல்வதற்குள் யாராவது சாம்பாருக்கு உப்பு கேட்டு வந்துவிடுவார்கள். இங்கே அந்தத் தொல்லை இல்லை.

பிள்ளையார்பாளையத்தைத் தாண்டி வேகவதி ஆற்றங்கரைக்குப் போகும் வழியில் ஒரு நீளமான மைதானம் இருந்தது. பாவடி என்போம். புடவையின் நீளவாக்கில் ஓடுகிற பட்டிழைகளின் கட்டுக்குப் பாவு என்று பேர். அதைத் தறியில் ஏற்றுவதற்கு முன்னால் மைதானத்தில் நீட்டிக் கட்டி, இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று, அறுந்த இழையை முடிந்து, கஞ்சி தடவி, குச்சியால் தட்டிப் பிரித்துவிட வேண்டும். விடிந்ததும் தொடங்கி வெயில் ஏறுவதற்குள் முடித்தாக வேண்டிய வேலை. வெயில் பட்டால் கஞ்சி முறுகிப்போகும், பட்டு நிறம் மங்கும். அதனால் நிழல் வேண்டும். கயிற்றைக் கட்டி இழுத்தால் அசையாத தூண் வேண்டும். இரண்டுக்கும் சேர்த்து மரமே வைத்துவிட்டார்கள் எங்கள் தெருக்காரர்கள், முடிந்த வீட்டுக்கு ஒரு மரம் என்று.

எந்த மரம் வைப்பது என்று யாரும் யாருக்கும் சொல்லவில்லை. புடவை விற்கப் போன இடம், குலதெய்வத்துக்கு முடி இறக்கப் போன இடம், பெண் எடுத்த ஊர் என்று எங்கே போனார்களோ அங்கிருந்து விதையோ கன்றோ கொண்டுவந்தார்கள். புங்கன், வேம்பு, இலுப்பை, மகிழம், புன்னை, பூவரசு, மரமல்லி, நாகலிங்கம், தூங்குமூஞ்சி, சரக்கொன்றை. ஒன்றைப் போல ஒன்று இல்லை. சிதம்பரம் பக்கம் பெண் எடுத்தவர் வீட்டு மரம் புன்னை. மரமல்லி வைத்தவர் மெட்ராஸில் ஏதோ ஒரு துரை பங்களா வாசலில் விழுந்து கிடந்ததைப் பொறுக்கிவந்தார். பெரிய தோட்டங்களில் ஒவ்வொரு மரத்தின் அடியிலும் அது எந்த நாட்டிலிருந்து வந்தது என்று பலகையில் எழுதி வைத்திருப்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பாவடி நினைவுக்கு வரும். எங்களிடம் பலகை இல்லை. எந்த மரத்தைக் காட்டிக் கேட்டாலும் யாராவது ஒருவர் அதன் பூர்வோத்திரத்தைச் சொல்லிவிடுவார்கள், அவ்வளவுதான்.

பதினோராவது மரத்துக்கு மட்டும் அப்படிச் சொல்ல ஆள் இல்லை. மூட்டைக்காரர் என்று ஒருவர் எங்கள் தெருவில் இருந்தாராம். புடவைகளை மூட்டை கட்டித் தோளில் போட்டு ஊர் ஊராகப் போய் விற்பவர், குடும்பம் கிடையாது. ஒருமுறை பெங்களூர் போய்த் திரும்பியவர், விற்காத புடவைகளை உதறியபோது மடிப்புகளிலிருந்து கண்ணாடித் தாள் போன்ற இறகு ஒட்டிய விதைகள் உதிர்ந்தன. எங்கே ஒட்டிக்கொண்டு வந்தன என்று அவருக்கே தெரியவில்லை. மைதானத்தின் ஆற்றோரக் கோடியில் நான்கைந்தைப் புதைத்துவிட்டு அடுத்த மூட்டையைத் தூக்கிக்கொண்டு போனவர்தான், திரும்பி வரவேயில்லை. ஒரு விதை பிழைத்தது. சொந்தக்காரர் இல்லாததால் அது பொதுமரம்; தனி மரம் இல்லாத எங்களைப் போன்றவர்கள் வீட்டுக்கு ஒரு வாரம் என்று முறை வைத்து அதில் பாவு கட்டினார்கள்.

நான் கைக்குழந்தையாக இருந்தபோது அது முதல்முறை பூத்ததாம். பூவும் மொட்டும் சேர்ந்து நீரைக் கொட்டி, கீழே இருந்த ஒரு பாவு முழுக்க மஞ்சள் புள்ளி விழுந்து, அந்த வீட்டில் அடுப்பு எரியாமல் போனது. அன்றிலிருந்து அது பூக்கவே கூடாது என்று தெரு முடிவு செய்தது. தையில் மொட்டுக் கொத்து தலைகாட்டியதும் கிள்ளி எறிந்துவிட வேண்டும். முருங்கையைப் போல முறியும் கிளை என்பதால் பெரியவர்கள் ஏற முடியாது. இளைத்த பிள்ளையாகப் பார்த்து ஏற்றிவிடுவார்கள். என் முறை வந்தபோது எனக்கு ஒன்பது வயது. சாப்பாட்டுக்கு இழுபறியான வீட்டுப் பிள்ளைக்கு அந்தத் தகுதி தானாகவே இருந்தது. பத்து வருஷமாகப் பூக்காத மரத்துக்குப் பிள்ளைகள் வைத்த பேர் "ஊமை மரம்".

எனக்குப் பதினோரு வயதான வருஷம் ஆனியில் பள்ளிக்கூடத்திலிருந்து என்னை நிறுத்தினார்கள். அதில் பெரிய சோகம் ஒன்றும் இல்லை. தெருவில் பாதிப் பிள்ளைகளுக்கு அதுதான் நடக்கும். கரையும் உடலும் வேறு வேறு நிறத்தில் வரும் "கோர்வை" புடவைக்குத் தறியில் இரண்டு பேர் உட்கார வேண்டும். அப்பாவை நாங்கள் நைனா என்போம். நைனாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, கரைக்கான இழையை ஓட்டும் நாடாவை வீச ஒரு கை வேண்டியிருந்தது, என் கை காலியாக இருந்தது. தம்பியைச் சேர்க்கப் பள்ளிக்கூடத்துக்கு ஒருநாள் போனபோது வாத்தியார் ரெஜிஸ்டரைத் திறந்தார். தனபாக்கியம் என்ற பேரின் மேல் சிவப்பு மையால் ஒரு கோடு போட்டிருந்தது. கோட்டை அளவுகோல் வைத்து நேராகப் போட்டிருந்தார்கள். அது மட்டும் எனக்கு என்னவோ போல இருந்தது.

ஆடி மாதம் மெட்ராஸிலிருந்து ஒரு டீச்சரம்மா வந்தார். ஏதோ ஒரு பெண்கள் கல்லூரியில் செடிகொடிப் பாடம் எடுப்பவர். மாகறல் கோயிலுக்குப் போக பஸ் ஏறியவர் ஜன்னல் வழியாக எங்கள் நாகலிங்கத்தைப் பார்த்து வழியிலேயே இறங்கிவிட்டார். குட்டையான உருவம், பெரிய குடை, எறும்பு என்றால் அலறுவார். மரம் மரமாகப் போய்ச் சாக்கட்டியால் ஒன்று, இரண்டு என்று எண் போட்டு, நோட்டில் எழுதிக்கொண்டு, ஏனாத்தூர் சாலையில் இருக்கும் மரங்களையும் பார்த்துவிட்டு வருகிறேன் என்று போனார். அவர் தலை மறைந்ததும் எங்கள் தெருப் பெண்கள் குடத்தோடு வந்து எல்லா எண்ணையும் கழுவிவிட்டார்கள். அந்தச் சாலையில் புளியமரங்களுக்கு எண் போட்ட மறுமாதம் கோடாலி வந்ததை எல்லோரும் பார்த்திருந்தார்கள். திரும்பி வந்த டீச்சரம்மா ஈரமான மரங்களைப் பார்த்து விழித்தார்.

அன்று பாவு வேலை முடித்துக் கஞ்சிச் சட்டியைக் கழுவிக்கொண்டிருந்தவர் கன்னியப்ப மாமா. உறவில் மாமா இல்லை, தெருவுக்கே மாமா. வாய் நீளம்; தொழிலில் சுத்தம்.

"மரத்துக்குப் பேர் எழுதிக்கினு போயி இன்னாம்மா பண்ணப்போறே? ரேசன் கார்டு வாங்கித் தரப்போறியா?"

"அதுங்களுக்கு அரிசி வேணாம், அதனால கார்டும் வேணாம்" என்றார் டீச்சரம்மா சிரிக்காமல். "அந்தக் காலத்துல மேல்நாட்டுல வைத்தியம் படிக்கிற பசங்க ஒரு மூலிகைக்குப் பதிலா இன்னொண்ணைக் குடுத்து ஆளைக் கொன்னுடக் கூடாதுன்னுதான் முதல்ல தோட்டம் வெச்சாங்க. ஒவ்வொரு செடிக்கும் இடம், ஒவ்வொண்ணுக்கும் பேர். பேர் தப்பாயிட்டா உயிர் போயிடும்."

"எங்களுக்கு இழை தப்பாயிட்டாலே உயிர் போயிடுது" என்றார் மாமா. ஆனாலும் சட்டியைக் கீழே வைத்துவிட்டு, எந்த மரம் யார் வீட்டுது என்று அவரே கூட நடந்து சொன்னார்.

பத்து மரத்துக்குப் பேர் எழுதியாயிற்று. பதினோராவதுக்கு வந்ததும் டீச்சரம்மா இலையைத் திருப்பிப் பார்த்தார், பட்டையைச் சுரண்டி முகர்ந்தார், பூ எப்படி இருக்கும் என்று கேட்டார். அங்கேதான் சிக்கல். பத்து வருஷத்துக்கு முன் பார்த்தவர்கள் எல்லோருக்கும் சிவப்பு என்று நினைவிருந்தது. ஆனால் நெசவுக்காரர்களிடம் போய் வெறும் சிவப்பு என்று சொல்லித் தப்பிக்க முடியாது. அரக்கு என்றார் ஒருவர். குங்குமச் சிவப்பு என்றார் இன்னொருவர். "அரக்காவது கிரக்காவது, மிளகாப்பழம்பா அது, நல்லா வெயில்ல காஞ்ச மிளகாப்பழம்" என்று கன்னியப்ப மாமா அடித்துப் பேசினார். வெங்காயத்தோல் நிறம் என்று ஒரு கிழவர் சொன்னதற்கு எல்லோரும் சேர்ந்து அவரைக் கடிந்துகொண்டார்கள்.

"எனக்கு ஒரு பேர் மனசுல இருக்கு" என்றார் டீச்சரம்மா. "ஆனா பூவோட ஒரு கிளையைத் தாள்ல ஒட்டாம எழுத மாட்டேன். அது எங்க கட்டுப்பாடு." நோட்டில் பதினொன்று என்று போட்டு, உள்ளூர்ப் பேர் ஊமை மரம் என்று எழுதி, பக்கத்து இடத்தை வெறுமையாக விட்டார். யாருக்கு எழுதத் தெரியும் என்று கேட்டபோது நான் கையைத் தூக்கினேன். தன் விலாசம் எழுதிய இரண்டு கார்டுகளை என்னிடம் கொடுத்து, பூத்தால் போடச் சொன்னார். பூக்க விடமாட்டோம் என்று அவரிடம் யாரும் சொல்லவில்லை. அவர் விட்டுப்போன அந்த வெறும் இடம் என் மண்டைக்குள் உட்கார்ந்துகொண்டது.

தை வந்தது. வழக்கம்போல ஏற்றிவிட்டார்கள். வழக்கம்போலக் கிள்ளினேன். ஆற்றுப் பக்கமாக உச்சியில் இருந்த ஒரே ஒரு கொத்தை மட்டும் விட்டுவிட்டு, எல்லாம் முடிந்தது என்று இறங்கினேன். வாழைப்பூ மடல்களைச் சின்னதாக்கி வட்டமாக அடுக்கி வைத்தது போன்ற கொத்து அது. மேலே பழுப்பு நிறத்தில் மெத்தென்ற ரோமம்.

நீர் சொட்டாமல் இருக்க என்ன செய்வது என்று நான் யோசிக்காமல் இல்லை. பாவின் மேல் காக்கை எச்சம் விழாதபடி மரத்துக்கு மரம் வேட்டி கட்டுவது எங்கள் வழக்கம். அதையே செய்தேன். வேட்டிக்கு எங்கே போவது? கிழிந்துபோன என் பச்சைப் பாவாடையை எடுத்தேன். துணியில் நீர் ஒழுகுமே என்று தோன்றியது. எங்கள் வீட்டில் எந்தத் துணிக்கும் எந்தக் குறைக்கும் தெரிந்த மருந்து ஒன்றுதான்: கஞ்சி. கெட்டியான சோற்றுக் கஞ்சியில் பாவாடையை முக்கிக் காயவைத்தேன். அப்பளம் போல விறைத்துக்கொண்டது. ஓர் உச்சி வெயிலில், மைதானம் காலியாக இருந்தபோது, மேலே ஏறிக் கொத்துக்கு அடியில் நாலு முனையையும் தொட்டில் போல முடிந்துவிட்டு வந்தேன். உள்ளே தண்ணீர் ஊற்றிப் பார்த்தேன், ஒரு சொட்டு கசியவில்லை. என் சாமர்த்தியத்தை நானே மெச்சிக்கொண்டேன்.

பூ விரியத் தொடங்கியதும் கார்டு போட்டேன். ஞாயிற்றுக்கிழமை வருகிறேன் என்று பதில் வந்தது.

வியாழக்கிழமை காலை. பொதுமரத்தில் அந்த வாரம் கன்னியப்ப மாமாவின் முறை. சந்தன நிறப் பாவு, மூன்று புடவைக்கான நீளம். பதினைந்து பேர் இரண்டு பக்கமும் நின்று இழை பிரித்துக்கொண்டிருந்தார்கள், நானும் இருந்தேன். நாலு நாள் மொட்டுநீரும் பனியும் சேர்ந்து ஊறியதில் மேலே கஞ்சி இளகிவிட்டது என்பது எனக்கு எப்படித் தெரியும்? ஒரு முனை நழுவியது. பாவாடை நிறைய இருந்த மஞ்சள் கூழ் மொத்தமும் பாவின் நடுவில் சொளக்கென்று விழுந்தது. பின்னாலேயே மற்ற முடிச்சுகளும் அவிழ்ந்து பாவாடையும் வந்து விழுந்தது.

என் அம்மா குனிந்து துணியை எடுத்து விரித்துப் பார்த்தாள்.

"இது உன் பாவாடதானேடி?"

மறுப்பதற்கு வழியே இல்லை. இடுப்பில் அவளே போட்ட ஒட்டு இருந்தது. எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா அடித்தாள். அடி பெரிதாக வலிக்கவில்லை. கன்னியப்ப மாமா வாயே திறக்காமல் கறைபட்ட இழைகளை விரலால் நீவிக்கொண்டு நின்றதுதான் பயமாக இருந்தது. அவர் திட்டியிருந்தால் தேவலை. கடைசியில் அவர் மரத்தைப் பார்த்துத்தான் பேசினார்: "உன்ன இனிமே வுட்டு வெச்சா நான் மனுசன் இல்ல."

சனிக்கிழமை காலையில் முசரவாக்கத்திலிருந்து ஏழுமலை என்ற மரம்வெட்டி கோடாலியோடு வந்துவிட்டார். டீச்சரம்மா வர இன்னும் ஒரு நாள் இருந்தது. பூ உச்சியில் விரிந்து நின்றது. ஒரு நாள் பொறுத்துக்கொள்ளுங்கள் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. எந்த முகத்தோடு கேட்பது?

ஏழுமலை மரத்தைச் சுற்றி வந்தார். வெற்றிலையைத் துப்பினார். "சொந்தக்காரரு யாருப்பா? மொத வெட்டு அவுரு போடணும்."

பாவடியில் அது பழைய ஊர்க்கட்டு. மரத்துக்குரிய வீட்டுக்காரர் முதல் வெட்டுப் போட வேண்டும்; போட்டவர் அதே இடத்தில் வேறு கன்று வைத்து, அது கயிறு தாங்கும் மரமாக வளரும்வரை மைதானத்தில் தன் பாவை நீட்டக் கூடாது. கண்டபடி மரத்தில் கை வைக்காதபடி யாரோ யோசித்துப் போட்ட கட்டு.

"இது பொதுமரம்பா. நீயே போடு" என்றார் மாமா.

"சொந்தக்காரன் கை வெக்காத மரத்துல நான் வெக்க மாட்டேன். எனக்கும் புள்ளகுட்டி இருக்குது."

"அப்ப நான் போடுறேன், குடு."

"போடு. போட்டா உன் மரம். அஞ்சாறு வருசம் பாவ எங்க நீட்டுவே? உன் ஊட்டு மொட்டமாடிலயா?"

மாமாவுக்கு மாடி வீடு இல்லை. கோடாலிப் பிடியைத் தொட்ட கையை எடுத்துக்கொண்டார். தெருவே சுற்றி நின்றது; ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். வெட்ட வேண்டும் என்பதில் எல்லோருக்கும் சம்மதம், தன் மரம் என்று சொல்ல மட்டும் ஒருவருக்கும் வாய் எழவில்லை.

அப்போது நைனா வீட்டுக்குள் போய்ப் பாவுக்கயிற்றை எடுத்துக்கொண்டு வந்தார். நைனா பேசி நான் அதிகம் கேட்டதில்லை. தறியில் கூட நாடாவை நான் தாமதமாக வீசினால் முழங்கையால் இடிப்பாரே தவிரப் பேசமாட்டார். எல்லோருக்கும் நடுவில் நடந்துபோய், ஊமை மரத்தைச் சுற்றிக் கயிற்றை இரண்டு சுற்றுச் சுற்றி, பாவு கட்டுகிற முடிச்சைப் போட்டார்.

"இது எங்க ஊட்டுது" என்றார். "இனிமே எங்க பாவு இதுங் கீழதான் இருக்கும். வேற யாரும் இதுல கட்ட வேணாம்."

"உனக்கு இன்னா பைத்தியமா?" என்றார் மாமா. "வருசா வருசம் மஞ்சத் தண்ணி கொட்டும்யா."

"கொட்டட்டும். கொட்டுனாலும் தெரியாத நெறமா நெய்யுறேன். கறபட்ட பாவ எனக்குக் குடு, அரக்குல முக்கி நெய்துக்கிறேன். எனக்கு வந்துக்கிற சந்தனப் பட்ட நீ எடுத்துக்க. முதலாளிகிட்ட நான் பேசுறேன்."

மாமா கயிற்று முடிச்சை இழுத்துப் பார்த்தார். பிறகு ஏழுமலையிடம் திரும்பி, "வந்தது வந்துட்டே, கஞ்சி குடிச்சிட்டுப் போ" என்றார்.

பட்டு கொடுத்துக் கூலிக்கு நெய்யவைக்கும் முதலாளியிடம் நைனா என்ன பேசினார், என்ன கேட்டுக்கொண்டார் என்று எனக்குத் தெரியாது. அன்று மத்தியானம் தறியில் உட்கார்ந்தபோது என்னிடம் சொன்னது ஒன்றுதான்: "கஞ்சி போட்டா துணி வெறைக்கும்மா, தண்ணி நிக்காது. இது கூடத் தெரியல உனக்கு."

ஞாயிறு டீச்சரம்மா வந்தார். நான் ஏறிக் கொத்தை முறித்துக்கொண்டு இறங்கினேன். தெருவே கூடி நின்று பார்த்தது. வானத்தைப் பார்த்து விரிந்த கிண்ணம் கிண்ணமான பூக்கள். ஓரத்தில் மட்டும் மெல்லிய மஞ்சள் கரை, பார்டர் போட்டது போல. கன்னியப்ப மாமா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து ஒரு பூவைக் கையில் வாங்கி வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"மிளகாப்பழம்" என்றார். "அப்பவே சொன்னேனா இல்லியா?"

டீச்சரம்மா அதன் பேரைச் சொன்னார். ஆப்பிரிக்கத் துலிப் மரம். வாயில் நுழையாத இன்னொரு பேரும் சொன்னார். "ஆப்பிரிக்காலேருந்து எத்தினி பஸ்ஸு மாறி எங்க பாவடிக்கு வந்துச்சு?" என்று மாமா கேட்டார். கப்பலில் என்றார் டீச்சரம்மா. கடல் தாண்டிய நாடுகளிலிருந்து விதையும் கன்றும் கப்பலில் வரும்; வந்தது பிழைக்குமா, எதற்கு உதவும் என்று வைத்துப் பார்க்கத்தான் பெரிய ஊர்களில் தோட்டம் போட்டார்கள்; பெங்களூரில் நவாபு காலத்திலிருந்து அப்படி ஒரு தோட்டம் இருக்கிறது, லால்பாக் என்று பேர். அதைக் கேட்டதும் வெங்காயத்தோல் கிழவர் தலையை ஆட்டினார். மூட்டைக்காரர் பெங்களூர் போனால் சத்திரத்துக்குக் காசு கொடுக்காமல் பகலெல்லாம் அந்தத் தோட்டத்தில்தான் மூட்டையைத் தலைக்கு வைத்துப் படுத்துக் கிடப்பாராம். பத்துப் பதினைந்து வருஷமாகத் தெரியாமல் இருந்த பூர்வோத்திரம் அந்த ஒரு வார்த்தையில் தெரிந்துபோனது.

டீச்சரம்மா பூவைத் தாள்களுக்கு நடுவில் வைத்துப் பலகையால் அழுத்திக் கட்டினார். நோட்டைத் திறந்து, "பறிச்சது யாரு? முழுப்பேர் சொல்லு" என்றார். தனபாக்கியம் என்றேன்.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் அரக்குதான் நெய்தோம். சந்தனமும் வெள்ளையும் வந்தால் நைனா வேண்டாம் என்றுவிடுவார். அதனால் சில மாதங்கள் வேலை இல்லாமல் கிடந்ததும் உண்டு. கேழ்வரகுக் கூழில் அந்த மாதங்கள் ஓடின. போகப் போக, நல்ல அரக்கு வேண்டும் என்றால் எங்கள் வீட்டுக்கு ஆள் வர ஆரம்பித்தது. ஒவ்வொரு தையிலும் மரம் தலை முழுக்கப் பூத்தது. எனக்கு மொட்டுக் கிள்ளும் வேலை போனது, கால் சும்மா இருக்கவில்லை. இருபது வயதுக்குள் வீட்டை விட்டு ஒரு யாத்திரை பஸ்ஸில் பாத்திரம் தேய்க்க ஏறினேன். நைனா தடுக்கவில்லை. "மூட்டக்காரன் மரத்துல ஏறுன காலு, எங்க நிக்கும்?" என்றார்.

அப்படிப் போன இடங்களில்தான் டீச்சரம்மா சொன்ன தோட்டங்களைக் கண்ணால் பார்த்தேன். கல்கத்தாவில் ஆற்றோரத் தோட்டத்தில் ஓர் ஆலமரம். நடுமரத்தை நோய் வந்து எப்போதோ எடுத்துவிட்டார்களாம். விழுதுகள் மட்டும் ஒரு காடாக நின்றுகொண்டிருக்கின்றன, மேலே மரம் ஒன்றும் தெரியாதது போலத் தழைத்திருக்கிறது. ஊட்டித் தோட்டம், குளிரில் வந்து தங்கிய வெள்ளைக்காரர்கள் காய்கறி போட்டதில் தொடங்கியது என்று அங்கே ஒரு தோட்டக்காரர் சொன்னார். கோஸும் கேரட்டும் இவ்வளவு அழகான இடத்தில் முடியும் என்று அவர்களே நினைத்திருக்க மாட்டார்கள். காசு பார்க்க வளர்த்த செடிகளும், வைத்தியத்துக்கு வைத்த செடிகளும், ராஜா வீட்டு அழகுக்கு வைத்தவையும் இன்று பக்கத்துப் பக்கத்தில் நின்று ஒரே மாதிரி நிழல் கொடுக்கின்றன. எங்கள் ஊர்க் கோயில்களில் ஒவ்வொரு சாமிக்கும் ஒரு மரம் உண்டு. பெரிய கோயிலின் மாமரத்தில் நாலு கிளையும் நாலு ருசி என்பார்கள். கோயில் கோயிலாக நடந்தால் ஊர் முழுக்கப் பரப்பி வைத்த ஒரு தோட்டத்தைப் பார்த்த கணக்குத்தான்.

லால்பாக்கில் எங்கள் மரத்தின் ஜாதியைத் தேடிக் கண்டுபிடித்தேன். பெரிய மரம், காலடியில் பேர்ப்பலகை, ஓடம் போன்ற காய்கள் வெடித்துக் கண்ணாடி இறகுகள் பறந்துகொண்டிருந்தன. அதன் அடியில் துணிப்பையைத் தலைக்கு வைத்துப் படுத்து ஒரு மத்தியானம் முழுக்கத் தூங்கினேன். நல்ல தூக்கம். இந்த மாதிரித் தோட்டங்களில் எனக்குப் பிடித்ததே அதுதான்: சத்திரத்திலும் ஆஸ்பத்திரியிலும் போலீஸிலும் பேர் என்ன, ஊர் என்ன, யார் பெண் என்று கேட்பார்கள். அங்கே மரத்துக்குத்தான் அதெல்லாம். வந்து உட்காருகிறவரை யாரும் ஒன்றும் கேட்பதில்லை.

பாவடி இப்போது புடவைக் கடைகளுக்கு வரும் கார்கள் நிற்கும் இடம். புங்கனும் வேம்பும் மட்டும் இருக்கின்றன. ஊமை மரத்தை யாரும் வெட்டவில்லை; ஒரு புயலில் அதுவாகவே முறிந்து விழுந்தது. அடுத்த வருஷம் நைனா போனார். கன்னியப்ப மாமா அவருக்கு முன்பே போய்விட்டார். எல்லோரும் வயதாகித்தான் போனார்கள்.

போன வருஷம் ஒரு யாத்திரை மெட்ராஸில் ஒரு நாள் தங்கியது. அந்தக் கார்டில் இருந்த கல்லூரி விலாசம் இன்னும் மனப்பாடம், போனேன். டீச்சரம்மா ஓய்வு பெற்றுப் பல காலம் ஆகிவிட்டது. காய்ந்த செடிகளை ஒட்டிய தாள்களை அடுக்கி வைத்த அலமாரிகளுக்குப் பொறுப்பான ஒரு சின்னப் பெண், என் கதையைக் கேட்டுச் சிரித்துவிட்டு, அரை மணி நேரம் தேடி அந்தத் தாளை எடுத்துவந்தாள். மிளகாய்ப்பழம் பழுத்துக் கறுத்த புளியாகியிருந்தது. பூவைச் சுற்றித் தாளில் மஞ்சள் கறை மட்டும் அன்று பார்த்தது போலவே இருந்தது. கீழே இங்கிலீஷில் எழுதியிருந்ததை அவள் படித்தாள்: மரத்தின் பேர், இடம் காஞ்சிபுரம், நெசவாளர் பாவு நீட்டும் மைதானம், பறித்தவர் தனபாக்கியம், உள்ளூர்ப் பேர் ஊமை மரம்.

"அது தப்பும்மா" என்றேன். "ஊமைன்னு நாங்கதான் சொல்லிக்கினு இருந்தோம். அத அடிச்சிடலாமா?"

"இங்க எதையும் அடிக்கவே கூடாதுங்க" என்றாள். "சீட்டுல எழுதிப் பக்கத்துல ஒட்டலாம். அதுவும் கூடவே இருக்கும்."

சின்னதாக ஒரு வெள்ளைச் சீட்டும் பேனாவும் கொடுத்தாள். சமையல் கணக்கைத் தவிர வேறெதுவும் எழுதிப் பல வருஷமாகியிருந்தது. எழுத்து கோணலாகத்தான் வந்தது. எழுதி முடித்ததும் அவள் பசை தடவி என் பேருக்குக் கீழே ஒட்டினாள்.

"விட்டால் பூக்கும்" என்று எழுதியிருந்தேன்.